குதிரைப்படையை முடித்தது துப்பாக்கியா, தீவனமா?

மேலமாசி
ஆவணி மூலத் திருவிழாவில் நரியைப் பரியாக்கிய லீலை வரும்போதெல்லாம் எழுகிற சந்தேகம் இது. நம்ம மேலூர்ப் பக்கத்துத் திருவாதவூர்க்காரர் மாணிக்கவாசகரிடம் அவ்வளவு பணத்தைக் கொடுத்து, கடல் தாண்டி வந்த குதிரை வாங்கப் பாண்டியன் ஏன் அனுப்பினான்? உள்ளூரில் குதிரை வளர்த்திருக்கக் கூடாதா?

இரண்டாவது கேள்வி நவீன காலத்தைப் பற்றியது. "இயந்திரத் துப்பாக்கி வந்தது, குதிரைப்படை ஒழிந்தது" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அது சரியா? வருடம், எண்ணிக்கையோடு சொன்னால் நல்லது. வீரம், தியாகம் வசனமெல்லாம் வேண்டாம்.

கொள்ளுப்பை
முதல் கேள்விக்கு முதலில். கதை கதையாக இருக்கட்டும், குதிரை வியாபாரம் நிஜம். 13ஆம் நூற்றாண்டின் கடைசியில் பாண்டிய நாட்டுக்கு வந்த மார்கோ போலோ, மன்னன் ஆண்டுக்கு 2,000க்கு மேல் குதிரை வாங்குவதாகவும், ஆண்டு முடிவில் அதில் 100கூட மிஞ்சுவதில்லை என்றும் எழுதுகிறார். வேகவைத்த சோற்றோடு இறைச்சியும் போட்டார்களாம். லாடம் அடிக்க ஆளே இல்லையாம். அரபு வியாபாரிகள் லாடக்காரர்களை வேண்டுமென்றே இங்கே வரவிடவில்லை, குதிரை செத்தால்தானே அடுத்த வருடமும் விற்கலாம் என்பது அவர் வைக்கும் குற்றச்சாட்டு. வண்டியை விற்றுவிட்டு ஸ்பேர் பார்ட்ஸைக் கண்ணிலேயே காட்டாத கதைதான்.

பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாஃப் தரும் ஒப்பந்த விவரம் இதைவிடச் சுவாரசியம். பாரசீக வளைகுடாவின் கிஸ் தீவிலிருந்து ஆண்டுக்கு 1,400 குதிரை, ஒன்றுக்கு 220 தினார். வழியில் செத்த குதிரைக்கும் பாண்டியன் கஜானாவிலிருந்தே பணம். அதாவது கடல் ஆபத்து முழுவதும் வாங்குபவன் தலையில்.

உள்ளூரில் வளர்க்க முயன்றும் சரிவரவில்லை. நல்ல சாதிக் குதிரைக்குப் பிறந்த குட்டியும் கால் கோணலாகச் சிறுத்துப் பிறக்கிறது என்கிறார் போலோ. லாடமில்லாத குளம்பு நம்ம சேற்று வயலில் ஊறி, சித்திரை வெயிலில் வெடித்துவிடும். கால் போன குதிரை நாலு மாதத்தில் தீனி மட்டும் தின்னும் பொருள்.

1311இல் டெல்லித் தளபதி மாலிக் கபூர் தென்னாட்டிலிருந்து கொண்டுபோனதாகக் கவிஞர் அமீர் குஸ்ரு சொல்வது 512 யானை, 5,000 குதிரை. அந்த 5,000 பின்னால் எவ்வளவு பொன் இருந்திருக்கும் என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

வடக்குவெளி
நவீன காலத்துக்கு வருவோம். துப்பாக்கிதான் காரணம் என்பது என் கட்சி. கணக்கைப் பாருங்கள்.

போர்க்குதிரையின் பாய்ச்சல் வேகம் மணிக்கு சுமார் 24 கிலோமீட்டர், நொடிக்கு 6.7 மீட்டர். பழைய வழுவழுப்புக் குழல் துப்பாக்கி நம்பகமாகச் சுடும் தூரம் 100 மீட்டர். அதைக் குதிரை 15 நொடியில் கடந்துவிடும். மருந்து கிட்டித்து மறுபடி சுட 20 நொடி ஆகும். ஆகவே காலாட்படைக்காரனுக்கு ஒரே ஒரு வெடிதான். அது தவறினால் தலைக்கு மேல் வாள்.

முறுக்குக் குழலும் (ரைஃபிள்) தாழ்ப்பாள் பூட்டும் (போல்ட்) வந்த பிறகு 600 மீட்டரிலேயே சுடத் தொடங்கலாம். அதைக் கடக்கக் குதிரைக்கு 90 நொடி. நிமிடத்துக்கு 15 வெடி என்றால் ஆளுக்கு 22. எதிரே 100 பேர் இருந்தால் 2,200 தோட்டா. கூடவே நிமிடத்துக்கு 500 சுடும் ஒரு மாக்சிம் இயந்திரத் துப்பாக்கி. குதிரையோ சின்ன இலக்கு அல்ல. இதில் வீரத்துக்கு என்ன இடம்?

மேலமாசி
கணக்கு புரிகிறது ஐயா. ஆனால் அப்படியானால் 1870க்குள்ளேயே கடையை மூடியிருக்க வேண்டுமே. முதல் உலகப்போர் முடியும் வருடத்தில்கூடக் குதிரைப்படை ஊர் பிடித்ததாகப் படித்த நினைவு.

கொள்ளுப்பை
அங்கேதான் வடக்குவெளி அண்ணன் கணக்கு இடறுகிறது. கணக்கு தப்பில்லை, நேருக்கு நேர் பாய்வது மட்டுமே குதிரைப்படையின் வேலை என்று வைத்துக்கொண்டதுதான் தப்பு. அது ஆண்டில் ஒரு நாள் வேலை. மீதி 364 நாளும் வேவு பார்ப்பது, எதிரியின் வேவைத் தடுப்பது, ஓடுகிறவனைத் துரத்துவது, பாலத்தையோ மேட்டையோ மற்றவன் வருமுன் போய்ப் பிடித்து, குதிரையை விட்டு இறங்கி நின்று சுடுவது.

பாய்வதும்கூட இந்தப் புதுத் துப்பாக்கிகள் வரும் முன்னரே சிக்கலாகத்தான் இருந்தது. 1815 வாட்டர்லூவில் பிரெஞ்சுக் குதிரைப்படை மீண்டும் மீண்டும் பாய்ந்தும் சதுர அணியாக நின்ற காலாட்படையை உடைக்க முடியவில்லை. நாலு பக்கமும் துப்பாக்கி முனையில் சொருகுகத்தி (பயனெட்) நீட்டியிருந்தால் குதிரை போய் மோதாது, விலகி ஓடும். மனிதனை ஏமாற்றலாம், குதிரையை முடியாது. அதைவிடப் பெரிதாகக் கோட்டை விட்டது என்னவென்றால், எதிரியின் பீரங்கிகளுக்கு நடுவே பலமுறை புகுந்தும் அவற்றின் தீத்துளையில் ஒரு ஆணி அடித்து முடக்க யாருக்கும் தோன்றவில்லை. சுத்தியலும் தலையில்லாத ஆணியும் கையில் இருந்திருந்தால் வேலை முடிந்திருக்கும். குதிரைகள் திரும்பிப் போனதும் பீரங்கிக்காரன் வந்து அதே பீரங்கியால் சுட்டான்.

பாய்ச்சலுக்கும் படிகள் உண்டு. முதலில் நடை, பிறகு துள்ளுநடை, அப்புறம் பாய்ச்சல், கடைசி 50 மீட்டரில்தான் முழு ஓட்டம். முன்கூட்டியே முடுக்கினால் நல்ல குதிரை முன்னால் போகும், களைத்தது பின்தங்கும். வரிசை கலைந்து ஒவ்வொருவனாகப் போய்ச் சேருவான், ஒவ்வொருவனாகச் சாவான்.

திருமங்கலத்தான்
அண்ணே ஒரு சந்தேகம். இறங்கிச் சுடுறாய்ங்கன்னா குதிரைய யார் பிடிச்சுக்கிறது? ரேக்ளா மாட்டையே ரெண்டு பேர் பிடிக்க வேண்டியிருக்கு.

கொள்ளுப்பை
இதுதான் இந்த இழையிலேயே சரியான கேள்வி தம்பி.

நாலு பேருக்கு ஒருவன். மூன்று பேர் இறங்கித் துப்பாக்கியோடு முன்னே போவார்கள். நாலாமவன் நாலு கடிவாளத்தையும் பிடித்துக்கொண்டு மேட்டுக்குப் பின்னால் நிற்பான். 400 பேர் உள்ள படை இறங்கினால் சுடும் துப்பாக்கி 300தான். அந்த நூறு பேர் கோழைகள் அல்ல, குண்டுச் சத்தத்தில் மிரளும் 400 குதிரையைப் பிடித்து நிற்பது சும்மா இல்லை. பின்னால் நிற்கும் குதிரைகளை எதிரியின் பீரங்கி கண்டுகொண்டால் முன்னால் போனவர்களுக்குத் திரும்ப வழியே இல்லை.

அமெரிக்க உள்நாட்டுப் போரில் இப்படித்தான் நடந்தது. 1863 ஜூலை 1 காலையில் கெட்டிஸ்பர்க்கில் ஜான் பியூஃபர்டின் குதிரைப்படை இறங்கி, பின்பக்கம் தோட்டா போடும் குறுந்துப்பாக்கியால் சுட்டு, காலாட்படை வந்து சேரும்வரை எதிரியைத் தாமதப்படுத்தியது. அங்கே வாளுக்கு வேலை இல்லை. குதிரை செய்தது ஒன்றே ஒன்று: சரியான மேட்டுக்குச் சரியான நேரத்தில் ஆளைக் கொண்டுசேர்த்தது.

வடக்குவெளி
அதை ஏற்கிறேன். அப்படிப் பார்த்தால் அது குதிரைப்படையே அல்ல, குதிரையில் வரும் காலாட்படை. பெயரை மாற்றிக்கொண்டு உயிரோடு இருந்ததாகச் சொல்லலாமா?

கொள்ளுப்பை
பெயரில் என்ன இருக்கிறது. அந்தச் சண்டையை ஐரோப்பியத் தளபதிகளே 50 வருடம் போட்டார்கள். பிரிட்டிஷ் ராணுவம் 1908இல்தான், அதாவது வாள் தேவையே இல்லை என்று பாதிப்பேர் சொல்லிக்கொண்டிருந்தபோதுதான், குதிரைப்படைக்கான மிகச் சிறந்த வாளைச் செய்தது. வெட்டுவதற்கு அல்ல, குத்துவதற்கு மட்டும். 35 அங்குல நேர் அலகு. இந்தியப் படைக்குக் கைப்பிடியைச் சிறிதாக்கித் தனி வகை செய்தார்கள். ஈட்டிக்கும் அவர்கள் நம்பியது நம்ம மலைகளில் விளையும் கல்மூங்கிலைத்தான். உள்ளே கெட்டியானது, வளையும், சட்டென்று முறியாது.

லாடம்_7ஆணி
துப்பாக்கி ஒரு பக்கம் இருக்கட்டும். குதிரையை உண்மையில் சாய்த்தது என்ன என்று பார்க்க போயர் போரைப் பாருங்கள். 1899 முதல் 1902 வரை தென்னாப்பிரிக்காவில் பிரிட்டிஷ் தரப்பு 3 லட்சத்துக்கும் மேற்பட்ட குதிரைகளை இழந்தது. தோட்டா பட்டுச் செத்தது அதில் சொற்பம். காரணங்களைச் சொல்கிறேன்.

வாரக்கணக்கில் கப்பல் அடித்தளத்தில் நின்று வந்த குதிரையை ஓய்வு கொடுக்காமல் நேராக ரயிலேற்றி நடைக்கு அனுப்பினார்கள். வீரன், சேணம், துப்பாக்கி, தோட்டா, போர்வை, தீனி எல்லாம் சேர்ந்து 115 முதல் 125 கிலோ. 450 கிலோ குதிரைக்கு அது உடல் எடையில் கால் பங்கு. பழக்கமில்லாத புல், பாதித் தீனி. வீரர்கள் பலர் முன்பின் குதிரை தெரியாதவர்கள், இறங்கி நடக்க வேண்டிய இடத்திலும் மேலேயே உட்கார்ந்திருந்தார்கள். இதோடு அந்நாட்டுக் குதிரைக் கொள்ளைநோய் வேறு.

முதுகுப் புண் எப்படி வருகிறது என்பதை மட்டும் விவரமாகச் சொல்கிறேன், ஏனென்றால் படையை நிறுத்துவது அதுதான். கம்பளியை நாலாக மடித்து, தோளுக்குச் சற்று முன்னால் வைத்து, பின்நோக்கி இழுக்க வேண்டும். அப்போதுதான் மயிர் படிந்திருக்கும். முன்நோக்கித் தள்ளினால் மயிர் எதிர்த்து மடிந்து இரண்டு மணி நேரத்தில் தோல் தேயும். சேணத்தைப் போட்டபின் முன்வளைவுக்குள் கையை விட்டு கம்பளியை மேலே இழுத்துவிட வேண்டும். முதுகெலும்பின் மேல் காற்று போக ஒரு சந்து இருக்கணும். வாரை இறுக்கும்போது குதிரை வயிற்றை ஊதிக்கொள்ளும், பலே கள்ளன். 15, 20 நிமிடம் நடந்தபின் நிறுத்தி மறுபடி இறுக்க வேண்டும். விலாவுக்கும் வாருக்கும் நடுவே விரல் நுழைய இடம் போதும்.

இவ்வளவும் சரியாகச் செய்தாலும், பட்டினியால் குதிரை இளைத்தால் சேணம் இறங்கி எலும்பின் மேலேயே உட்காரும். அதற்கு மருந்து இல்லை. ஆற மூன்று வாரம், சிலசமயம் இரண்டு மாதம். ஆகவே தீனி குறைந்தால் பத்து நாளில் முதுகு போகும். தோட்டா எங்கேயிருந்து வருகிறது என்று பார்க்க வேண்டியதே இல்லை.

லாடம் நாலு முதல் ஆறு வாரத்துக்கு ஒருமுறை மாற்ற வேண்டும், ஒன்றுக்கு 7 ஆணி, வெளிப்புறம் 4, உட்புறம் 3. ஒரு ஆணி உயிர்ச்சதையில் பட்டால் அன்றே நொண்டும். அதனால்தான் பிரிட்டிஷ் வகைச் சேணத்தில் உதிரி லாடத்துக்கும் ஆணிக்கும் தனித் தோல்பை.

திருமங்கலத்தான்
ஒரு நாளைக்கு எம்புட்டுத் திங்கும், எம்புட்டுக் குடிக்கும்? அதையும் சொல்லிப்புடுங்க. ஒரு நாளைக்கு எவ்வளவு தூரம் போகும்?

லாடம்_7ஆணி
உழைக்கும் குதிரைக்குத் தானியம் சுமார் 5 கிலோ, காய்ந்த புல் அதே அளவு. தண்ணீர் 30, 40 லிட்டர், நம்ம வெயிலில் இன்னும் கூடும். 500 குதிரை என்றால் ஒரு நாளைக்குத் தீனி 5 டன், தண்ணீர் 20,000 லிட்டர். நம்ம தெருவுக்கு வருகிற 12,000 லிட்டர் தண்ணி லாரி கிட்டத்தட்ட இரண்டு. தினமும். அந்தத் தீனியை இழுக்கும் வண்டிக் குதிரைகளும் தின்னும் என்பதை மறக்காதீர்கள்.

தூரம்: பத்து நிமிடம் துள்ளுநடை, பத்து நிமிடம் நடை, பிறகு இறங்கிக் கையில் பிடித்து நடத்தல், மணிக்கொருமுறை நிறுத்தல். இப்படிப் போனால் நாளைக்கு 40 கிலோமீட்டர். மதுரையில் புறப்பட்டால் விருதுநகர் எட்டும்முன் இருட்டிவிடும். மறுநாளும், அதற்கு மறுநாளும் அதே தூரம் போக முடிந்தால்தான் படை. ஒரே நாளில் 80 போய்விட்டு மூன்று நாள் படுத்துக்கொள்வது பந்தயம்.

கொள்ளு பற்றியும் சொல்லிவிடுகிறேன். வடக்கே கொண்டைக்கடலை, தெற்கே கொள்ளு. பச்சையாகக் கொட்டக் கூடாது. இரவு ஊறவைத்து, வேகவைத்து, நன்றாக ஆறவைத்து, தவிட்டோடு பிசைந்து கொடுப்பது வழக்கம். முதலில் தண்ணீர், அப்புறம்தான் தானியம். மாற்றிச் செய்தால் வயிறு உப்பிப் புரளும். "கொள்ளு என்றால் வாயைத் திறக்கும், கடிவாளம் என்றால் மூடும்" என்பது குதிரையின் குறையல்ல, நல்ல புத்தி.

ஆனையூர்
இடையில் ஒன்று. "மண்குதிரையை நம்பி ஆற்றில் இறங்கினாற்போல" என்பதில் அது குதிரை அல்ல, மண் குதிர், அதாவது ஆற்று மணல்திட்டு என்கிறார்களே?

நெறியாளர்
பழமொழிக்குத் தனி இழை இருக்கிறது, அங்கே போங்கள். இங்கே தொடர்ந்தால் நீக்கப்படும். (அய்யனாருக்குப் புரவி எடுக்கிற ஊரில் அந்தக் குதிரையை நம்பாமல் யாரை நம்புவது என்பது வேறு விஷயம்.)

வடக்குவெளி
1918க்கு வருகிறேன், ஏனென்றால் எதிர்க்கட்சி அடுத்து அதைத்தான் எடுக்கும். நானே எடுத்துவிடுகிறேன்.

1918 செப்டம்பர் 23, பாலஸ்தீனத்தின் ஹைஃபா. பிரிட்டிஷ் தரப்பின் ஜோத்பூர், மைசூர் குதிரைப்படைகள் துருக்கியரின் இயந்திரத் துப்பாக்கிகளை எதிர்த்துப் பாய்ந்து ஊரைப் பிடித்தன. 1,350 பேர் சிறைப்பட்டார்கள், 17 பீரங்கி, 11 இயந்திரத் துப்பாக்கி கையில் கிடைத்தன. தலைமை தாங்கிய மேஜர் தல்பத் சிங் மாண்டார். ஆனால் எப்படி நடந்தது என்று பாருங்கள். மைசூர்ப் படையின் ஒரு பிரிவு முதலில் கார்மல் மலையேறி மேலிருந்த பீரங்கிகளை அடக்கப் போனது. கீழே ஜோத்பூர்க்காரர்கள் ஆற்றங்கரைச் சேற்றில் குதிரை புதைவதைக் கண்டதும் நேராகப் போகாமல் இடப்பக்கம் திரும்பி மலைச்சரிவை ஒட்டிப் பாய்ந்தார்கள். எதிரி இலக்கை மாற்றிப் பிடிக்கும் முன் உள்ளே புகுந்துவிட்டார்கள்.

அதற்கு முந்தைய ஆண்டு, 1917 அக்டோபர் 31, அதே பாலஸ்தீனத்தின் பீர்ஷெபா. சுமார் 800 ஆஸ்திரேலியர்கள். வாள்கூட இல்லை, சொருகுகத்தியைக் கையில் பிடித்துப் பாய்ந்தார்கள். எதிரி துப்பாக்கியின் தூரக்குறியைக் குறைக்காமல் சுட்டதால் பல தோட்டா தலைக்கு மேலே போனது. 31 பேர் இறந்தார்கள்.

இரண்டும் விதிவிலக்கு. முள்கம்பி இல்லாத இடம், களைத்த எதிரி, திறந்த பக்கவாட்டு. பிரான்ஸின் அகழிகளுக்கு நடுவே அப்படி நடக்கவில்லை.

கொள்ளுப்பை
விதிவிலக்கு என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் பீர்ஷெபாவில் அன்று அந்தியிலேயே பாய வேண்டிய கட்டாயம் ஏன் வந்தது? ஊருக்குள் கிணறு இருந்தது. குதிரைகள் ஒரு நாளுக்கும் மேலாகத் தண்ணீர் குடிக்கவில்லை, சில இரண்டு நாள். கிணற்றைப் பிடிக்காவிட்டால் பின்வாங்க வேண்டியதுதான். தாக்கும் நேரத்தைத் தீர்மானித்தது தண்ணீர். என் கட்சிக்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

தபால்தந்தி
நம்ம மாகாணத்துக் கதையை யாரும் தொடவில்லையே. வடநாட்டுக் குதிரைப்படைகள் சில்லேதார் முறையில் இருந்தன. சேருகிறவன் குதிரைக்கான தொகையைத் தானே கட்டுவான், குதிரையும் சாமானும் அவன் பங்கு. குதிரை செத்தால் இழப்பு அவனையும் தொடும், அதனால் கவனமாகப் பார்த்துக்கொண்டான். உள்நாட்டில் இது மலிவு. 1914இல் கடல் கடந்து போனபோது சாய்ந்தது. மாற்றுக் குதிரையைப் பிரான்ஸில் யார் எந்தக் காசில் வாங்குவது? போர் முடிந்ததும் முறையையே எடுத்துவிட்டு, 39 படைப்பிரிவுகளை 21 ஆகக் குறைத்தார்கள்.

சென்னை மாகாணத்தின் மூன்று பிரிவுகள் (26, 27, 28) மட்டும் தொடக்கத்திலிருந்தே அரசாங்கக் குதிரையில் ஓடியவை. 1803இல் மராத்தியரை எதிர்த்து அசாயேயில் பிரிட்டிஷ் தளபதி வெல்லெஸ்லியோடு பாய்ந்ததும் சென்னைக் குதிரைப்படைகள்தான். 27 பின்னால் 16ஆம் லைட் கேவல்ரி ஆயிற்று, 28 ஆனது 7ஆம் லைட் கேவல்ரி. இந்தியப் படைகள் 1938இல் குதிரையை விட்டு வண்டிக்கு மாறத் தொடங்கின.

சொற்கள் மட்டும் இறங்கவில்லை. டாங்கிப் படையில் இன்றும் சிப்பாய்க்குப் பெயர் சவார், அதிகாரிக்கு ரிசால்தார். கலெக்டர் ஆபீஸ் வாசலில் வில்லையோடு நிற்கும் தபேதார் இருக்கிறாரே, அதுவும் குதிரைப்படைப் பதவிதான். கம்பம், உத்தமபாளையம் பக்கத்து ராவுத்தர் என்ற பெயரும் குதிரைவீரனைக் குறித்த சொல்.

மேலமாசி
தபேதார் விஷயம் புதிது! 1939இல் போலந்துக்காரர்கள் டாங்கி மேல் ஈட்டியோடு பாய்ந்தார்கள் என்பது?

தபால்தந்தி
கட்டுக்கதை. செப்டம்பர் 1 அன்று கிரோயாந்தியில் அவர்கள் பாய்ந்தது ஜெர்மன் காலாட்படை மீது, அது சிதறவும் செய்தது. பிறகு கவச வண்டிகள் வந்து சுட்டன. மறுநாள் பார்த்த செய்தியாளர்கள் கதை கட்டினார்கள், ஜெர்மன் பிரச்சாரம் ஊதிப் பெருக்கியது. அதே நாள் மோக்ராவில் இறங்கி நின்று சண்டையிட்ட போலந்துக் குதிரைப்படை, 37 மில்லிமீட்டர் டாங்கி எதிர்ப்புப் பீரங்கிகளோடு ஒரு ஜெர்மன் கவசப் பிரிவையே அன்று முழுக்கத் தடுத்தது. யாரும் அதைச் சொல்வதில்லை.

வேடிக்கை என்னவென்றால் மின்னல் போர் நடத்திய ஜெர்மனிதான் 1941இல் ரஷ்யாவுக்குள் சுமார் 6 லட்சம் குதிரைகளோடு நுழைந்தது. பீரங்கி இழுக்க, தீனி இழுக்க. பெரிய சாதி இழுவைக் குதிரைகள் அந்தக் குளிரில் விழுந்தன, உள்ளூர்க் குட்டைக் குதிரைகள் பனியைக் கிளறித் தின்று பிழைத்தன. சோவியத் படையோ 1944இல்கூட பிரிப்பெட் சதுப்பில் தளபதி பிளியெவின் குதிரைப்படையையும் டாங்கிகளையும் ஒன்றாகவே அனுப்பியது.

வடக்குவெளி
சரி, பாதி இறங்கி வருகிறேன். பாய்ச்சலை முடித்தது துப்பாக்கியும் முள்கம்பியும். படையை முடித்தது பெட்ரோல். லாரி நிற்கும்போது குடிக்காது, குதிரை நின்றாலும் தின்னும். இதில் இனி சண்டை வேண்டாம்.

கொள்ளுப்பை
பாதி போதும் அண்ணே.

திருமங்கலத்தான்
அந்த 7ஆம் படை என்னாச்சு? இப்ப நம்ம ராணுவத்துல குதிரையே இல்லையா?

தபால்தந்தி
7ஆம் லைட் கேவல்ரி 1948 நவம்பர் 1 அன்று காஷ்மீரின் சோஜி லா கணவாயில் ஸ்டூவர்ட் டாங்கிகளை ஏற்றியது, 11,000 அடிக்கு மேல். பாலங்கள் தாங்காது, உளவாளிகளுக்கும் தெரியக்கூடாது என்பதால் சுழல்கூண்டைக் கழற்றித் தனியாகக் கொண்டுபோனார்கள். மேலேறும் பாதையை வெட்டியது மெட்ராஸ் சாப்பர்ஸ். ஈட்டிக்காரனின் பழைய வேலை அப்படியே: எதிரி எதிர்பார்க்காத இடத்தில், எதிர்பார்க்காத வேகத்தில்.

குதிரை இன்றும் உண்டு. சமஸ்தானப் படைகளைச் சேர்த்து 1953இல் அமைத்த 61ஆம் கேவல்ரி, 1773இல் தொடங்கிய குடியரசுத் தலைவர் மெய்க்காவல் படை. அணிவகுப்பு, போலோ. உண்மையான உழைப்பு மலையில் கோவேறு கழுதைக்கு, தலைக்கு 70 கிலோவைச் சுமந்து ஜீப் போகாத காவல்முனைக்கு ஏறுகிறது. 2001இல் ஆப்கானிஸ்தானில் அமெரிக்கச் சிறப்புப் படையினர் ஆப்கன் படைத்தலைவர் தோஸ்தமின் ஆட்களோடு குதிரையில் போய் விமானத்துக்கு இலக்குக் காட்டினார்கள்.

திருமங்கலத்தான்
அங்கயும் நாலுக்கு ஒருத்தன் கடிவாளம் பிடிச்சுத்தான் நின்னுருப்பான்.

லாடம்_7ஆணி
பின்னே? இல்லாவிட்டால் திரும்பி நடந்துதான் வரணும்.